வான் எத்தனை மீற்றர்? விரிதாளில் ஒரு குளத்தின் கணக்கு

மார்கழியை ஒட்டிய நாள்களில், மாரி ஏமாற்றாத ஆண்டுகளில், யாழ்ப்பாணத்துக்கு ஒரு செய்தி வந்து சேரும்: இரணைமடு வான் பாய்கிறது. அந்தக் குளம் குடாநாட்டுக்குள் இல்லை. ஆனையிறவைத் தாண்டிக் கிளிநொச்சிக்குப் போக வேண்டும். இங்கே ஆண்டு முழுவதும் ஓடும் ஆறு ஒன்றுகூடக் கிடையாது. தெல்லிப்பழைப் பக்கம் தொடங்கி அளவெட்டி, கந்தரோடை, சண்டிலிப்பாய் வழியாக அராலிக்கு இறங்கும் வழுக்கையாறு மாரியில் ஆறு, கோடையில் வெறும் பள்ளம். அப்படியிருந்தும் செய்தி வந்ததும் வீட்டில் யாராவது ஒருவர் கிளிநொச்சியில் வயல் செய்யும் சித்தப்பாவுக்குத் தொலைபேசி எடுப்பார். "எத்தனை அடி நிற்குது?" என்பதுதான் முதற்கேள்வி.

வான் என்றால் இங்கே ஆகாயம் அல்ல. குளம் நிறைந்த பிறகு மிஞ்சும் நீர், கட்டை உடைக்காமல் வெளியேறுவதற்கென்று விட்டுவைத்த தாழ்ந்த வாசல். தமிழ்நாட்டில் கலிங்கு என்பார்கள். வயலுக்கு நீர் விடும் துருசு விவசாயியின் தேவைக்கு. வான் குளத்தின் உயிருக்கு. நம்முடைய குளக்கட்டுகள் மண்ணால் ஆனவை. கொங்கிறீற்று அணையின் தலைக்கு மேல் சிறிது நேரம் நீர் ஓடினாலும் அது பெரும்பாலும் தாங்கும். மண்கட்டின் தலைக்கு மேல் ஒரு சாண் நீர் ஓடத் தொடங்கினால், அது பின்சரிவை அரித்து, அரித்த இடத்தால் இன்னும் வேகமாக ஓடி, சில மணி நேரத்தில் கட்டையே கொண்டுபோய்விடும். அப்படியொரு நாள் வராமல் இருக்க வான் எவ்வளவு நீளம், எவ்வளவு தாழ்வு என்று யாரோ ஒருவர் முன்கூட்டியே கணக்குப் பார்த்திருக்க வேண்டும்.

அந்தக் கணக்கு இன்று பெரும்பாலும் விரிதாளில் நடக்கிறது. எக்செல் என்று சொன்னால் எல்லோருக்கும் விளங்கும். இதற்கென்றே விலை கூடிய மென்பொருள்கள் இருக்கின்றன. சிறு, நடுத்தரக் குளங்களுக்கு அவை தேவைப்படுவதில்லை. நான் விரிதாளின் பக்கம். அதன் வேகத்துக்காக அல்ல, இன்னொருவர் திறந்து, கலம் கலமாகப் படித்து, "இந்த எண் எங்கேயிருந்து வந்தது?" என்று கேட்க அது இடம் தருகிறது என்பதற்காக. இடம் தருகிறதே தவிர, கட்டாயப்படுத்துவதில்லை. சிக்கல் முழுவதும் அதில்தான் இருக்கிறது.

முதலில் சூத்திரத்தைப் பார்த்துவிடுவோம். வானின் முகட்டுக்கு மேல் நீர் எவ்வளவு உயரம் நிற்கிறதோ, அந்த உயரத்தின் 1.5 அடுக்கை வானின் நீளத்தாலும் ஒரு குணகத்தாலும் பெருக்கினால் செக்கனுக்கு எத்தனை கனமீற்றர் வெளியேறுகிறது என்று தெரியும். 1.5 அடுக்கு என்பது உயரத்தை அதன் வர்க்கமூலத்தால் பெருக்குவது. பார்வைக்கு எளிது, ஆனால் அந்த ஒன்றரையில் ஒரு நன்மை ஒளிந்திருக்கிறது. நீருயரம் இரண்டு மடங்கானால் வெளியேற்றம் இரண்டு மடங்கல்ல, 2.83 மடங்கு. வெள்ளம் ஏற ஏற வான் தானாகவே கூடுதலாக விழுங்கும். கதவு இல்லாத திறந்த வானைப் பழைய ஆட்கள் நம்பியதற்கு இதுவும் ஒரு காரணம்.

குணகம்தான் வானின் வடிவத்தைச் சொல்வது. தட்டையான, அகலமான முகடு என்றால் மீற்றர் அளவில் ஏறக்குறைய 1.7. நீர் தானாக விழும்போது அதன் அடிப்பக்கம் என்ன வளைவை எடுக்குமோ, அதே வளைவில் முகட்டைக் கட்டினால் 2.2 வரை போகும். 30 மீற்றர் நீளமான வானின் மேல் 1.2 மீற்றர் நீர் நிற்கிறது என்று வையுங்கள். தட்டை முகட்டில் செக்கனுக்கு 67 கனமீற்றர் போகும். வளைந்த முகட்டில் 87. அதே நீளம், அதே நீர், முகட்டின் வளைவு மட்டும் வேறு. அந்த வளைவுக்கு அமெரிக்க இராணுவப் பொறியியலாளர் படையின் விக்ஸ்பர்க் ஆய்வுநிலையம் தந்த சமன்பாடு உலகெங்கும் புழக்கத்தில் இருக்கிறது: முகட்டின் உச்சியிலிருந்து கிடையாக எவ்வளவு தூரம் போகிறோமோ அதன் 1.85 அடுக்கை, வடிவமைப்பு நீருயரத்தின் 0.85 அடுக்கின் இரட்டிப்பால் வகுத்தால், அங்கே எவ்வளவு கீழே இறங்க வேண்டும் என்று வரும். நமது 1.2 மீற்றர் நீருயரத்துக்கு, ஒரு மீற்றர் தள்ளி 43 சென்ரிமீற்றர் இறக்கம், இரண்டு மீற்றர் தள்ளி 1.54 மீற்றர். மேசனுக்குப் பலகை வெட்டிக் கொடுக்க இந்த எண்கள் போதும். விரிதாளில் ஒரு நிரலை, அதாவது மேலிருந்து கீழே போகும் வரிசையை, எழுதிக் கீழே இழுத்தால் அரை நிமிட வேலை.

அந்த அரை நிமிடத்தில்தான் எனக்கு முதல் அடி விழுந்தது. இறக்கத்தைக் கீழ்நோக்கிக் காட்ட வேண்டும் என்பதற்காகச் சூத்திரத்தின் முன்னால் ஒரு கழித்தல் குறியைப் போட்டேன். கலத்தில் எண் வரவில்லை, பிழைச்செய்தி வந்தது. எக்செல் கழித்தல் குறியை முதலில் எண்ணோடு ஒட்டிவிட்டு, பிறகுதான் அடுக்கை எடுக்கிறது. பள்ளிக்கூடத்தில் நாம் படித்தது நேர்மாறு. கழித்தல் இரண்டின் வர்க்கம் என்று குறியோடு எழுதிப் பாருங்கள்: தாளில் கழித்தல் நான்கு, எக்செலில் கூட்டல் நான்கு. 1.85 என்ற பின்ன அடுக்கு இருந்ததால் மறை எண்ணுக்கு விடை காண முடியாமல் அது கத்திவிட்டது. வர்க்கமாக இருந்திருந்தால் வாயே திறக்காமல் குறியை மாற்றியிருக்கும். வான் வானத்தை நோக்கி வளைந்திருக்கும். கத்தும் பிழை நல்ல பிழை. கத்தாதவை இன்னும் சில இருக்கின்றன.

கட்டின் சரிவைக் குறிக்க ஒரு கலத்தில் 1:2 என்று தட்டுங்கள். நீங்கள் எழுதியது சரிவு; எக்செல் படித்தது அதிகாலை ஒரு மணி இரண்டு நிமிடம். அந்தக் கலத்தை வேறு கணக்கில் சேர்த்தால் உள்ளே 0.043 என்ற எண் ஓடிக்கொண்டிருக்கும். இது நம்முடைய அறியாமை மட்டும் அல்ல. மனித மரபணுக்களுக்குப் பெயர் சூட்டும் குழு 2020இல் சில பெயர்களையே மாற்றிவிட்டது. எக்செல் அவற்றை மார்ச், செப்டெம்பர் மாதத் திகதிகளாக மாற்றிக்கொண்டிருந்ததால். உயிரியலாளர்கள் தோற்ற இடத்தில் நாம் வெட்கப்பட வேண்டியதில்லை. கோணங்களும் அப்படித்தான். 45 பாகைச் சரிவுக்குச் சைன் எடுத்தால் 0.707 வர வேண்டும். எக்செல் 45ஐப் பாகையாக அல்ல, கோணத்தின் இன்னோர் அலகான ஆரையனாக எடுத்து 0.851 என்கிறது. இரண்டும் ஒன்றுக்குக் குறைவான, பார்வைக்கு நியாயமான எண்கள். அதனால்தான் இந்தப் பிழை நெடுநாள் உயிரோடு இருக்கும்.

இனி விரிதாள் உண்மையில் சோறு போடும் இடத்துக்கு வருகிறேன். வெள்ளம் குளத்துக்குள் வரும் வேகத்திலேயே வானால் வெளியேறுவதில்லை. குளம் தன் பரப்பில் ஒரு பங்கைப் பிடித்துவைத்து, மிச்சத்தை ஆறுதலாக விடுகிறது. எவ்வளவைப் பிடித்துவைக்கும் என்பதைக் கண்டால்தான் வானுக்கு எவ்வளவு நீளம் வேண்டும் என்று தெரியும். ஒவ்வொரு மணி நேரத்துக்கும் வந்த நீர், போன நீர், நின்ற நீர் என்று கணக்கெழுதுவதுதான் வழி. கடைக்காரர் வரவு செலவு எழுதுவதுபோல. சிக்கல் ஒன்றே: போகும் நீர் நீர்மட்டத்தைப் பொறுத்தது, நீர்மட்டம் போன நீரைப் பொறுத்தது. இரண்டையும் ஒன்றாகவே அவிழ்க்க வேண்டும். 1928இல் பல்ஸ் என்ற அமெரிக்கப் பொறியியலாளர் இதற்கு ஒரு அட்டவணை முறையைத் தந்தார். அக்காலத்தில் வரைபடத் தாள், சறுக்கு அளவுகோல், மடக்கை வாய்பாடு, நாள்கணக்கில் வேலை. வானை இரண்டு மீற்றர் கூட்டிப் பார்ப்போமா என்று மேலதிகாரி கேட்டால், உதவியாளர் மனதுக்குள் திட்டிக்கொண்டே மறுபடி முதல் வரியிலிருந்து தொடங்குவார். 1979இல் விசிகால்க் என்ற விரிதாள் மென்பொருள் வந்தது, 1983இல் லோட்டஸ் 1-2-3, 1985இல் எக்செல். ஒரு எண்ணை மாற்றினால் முழு அட்டவணையும் தானாக மாறும் என்ற அந்த ஒரு வித்தைதான் இந்தத் துறையில் எல்லாவற்றையும் மாற்றியது.

ஒரு கற்பனைக் குளத்தை எடுத்துக் காட்டுகிறேன். நிறைந்த நிலையில் நீர்ப்பரப்பு 2 சதுர கிலோமீற்றர். வான் 30 மீற்றர், தட்டை முகடு, குணகம் 1.7. வெள்ளம் சுழியத்திலிருந்து நேர்கோட்டில் ஏறி ஆறாவது மணியில் செக்கனுக்கு 120 கனமீற்றரைத் தொட்டு, பிறகு இறங்கி, பதினாறாவது மணியில் ஓய்கிறது. மொத்த வரத்து 34 இலட்சத்து 56 ஆயிரம் கனமீற்றர். குளம் தொடக்கத்திலேயே முகடுவரை நிறைந்திருக்கிறது என்று வைத்துக்கொள்கிறோம். கெட்டதை எதிர்பார்ப்பதுதான் முறை.

முதல் மூன்று மணி நேரம் வான் ஏதோ கடமைக்குச் சொட்டுவதுபோலத்தான் இருக்கும். மூன்றாவது மணியில் 60 வந்துகொண்டிருக்க, வெளியே போவது மூன்றே மூன்று கனமீற்றர். ஆறாவது மணியில் உள்ளே 120, வெளியே 23. முகட்டுக்கு மேல் நீர் 58 சென்ரிமீற்றர். மழை விட்டுவிட்டது, வெள்ளம் இறங்குகிறது என்று கட்டில் நிற்பவர் நினைப்பார். குளம் மட்டும் ஏறிக்கொண்டே இருக்கும், இன்னும் ஐந்தரை மணி நேரத்துக்கு. பதினோராவது மணி தாண்டி, வரத்து இறங்கி வெளியேற்றத்தைச் சந்திக்கும் இடத்தில்தான் நீர்மட்டம் உச்சிக்கு வருகிறது: முகட்டுக்கு மேல் 1.02 மீற்றர், வெளியேற்றம் 53 கனமீற்றர். வந்தது 120, போனது 53. பாதிக்கும் மேலான வேகத்தைக் குளமே உறிஞ்சிக்கொண்டது. இதைக் கணக்குப் பார்க்காமல் 120க்கே வான் கட்டியிருந்தால் தேவைக்கு இரண்டு மடங்குக்கு மேல் கொங்கிறீற்று. மறுபக்கம், மழை ஓய்ந்த பிறகும் நீர் ஏறும் அந்த ஐந்தரை மணி நேரம், கீழே குடியிருப்போருக்கு யாராவது விளக்கிச் சொல்ல வேண்டிய நேரம். மழை விட்டபின் வெள்ளம் வருகிறதென்றால் யாரோ கதவைத் திறந்துவிட்டார்கள் என்றுதான் ஊரில் பேச்சு வரும். கதவே இல்லாத வானிலும் அது நடக்கும் என்பதை இந்த அட்டவணை பத்து நிமிடத்தில் காட்டிவிடுகிறது.

இப்போது இதே அட்டவணையில் ஒரே ஒரு கலத்தைக் கெடுத்துப் பார்ப்போம். இரணைமடுவின் மட்டத்தை இன்றும் அடியில்தான் சொல்கிறோம். நீர்ப்பாசனத் திணைக்களத்தின் பழைய வரைபடங்கள் அடியிலும் ஏக்கர் அடியிலும் (ஓர் ஏக்கரில் ஓரடி ஆழத்துக்கு நிற்கும் நீர்) இருக்கும். சிறு நீரேந்து பரப்புகளுக்குத் தலைவேலை (கட்டு, வான், துருசு போன்றவை) வடிவமைப்பவர்கள் ஏ. ஜே. பி. பொன்ராஜா 1984இல் திணைக்களத்துக்காக எழுதிய வழிகாட்டியை இன்றும் புரட்டுகிறார்கள். ஆக அடியும் மீற்றரும் ஒரே மேசையில் கிடக்கின்றன. தட்டை முகட்டின் குணகம் மீற்றரில் ஏறக்குறைய 1.7 என்றால் அடியில் 3.09. குணகத்துக்குள் நீளத்தின் வர்க்கமூலம் மறைந்திருப்பதால் அலகு மாறினால் அதுவும் மாறும். சும்மா எண் என்று நினைத்து எடுத்துப் போட முடியாது. மீற்றர்க் கணக்கில் தவறுதலாக 3.09ஐத் தட்டிவிட்டால் விரிதாள் எந்த ஆட்சேபமும் இல்லாமல் மறுபடி கணக்கிட்டு, நீர் 82 சென்ரிமீற்றர்தான் ஏறும் என்று சொல்லும். உண்மை 1.02 மீற்றர். நடுவே 20 சென்ரிமீற்றர். குளக்கட்டின் தலைக்கும் உச்ச வெள்ளமட்டத்துக்கும் இடையே அலைக்கென்று விட்டுவைத்த இடைவெளியில், யாருக்கும் தெரியாமல் ஒரு சாண் காணாமற்போய்விட்டது. இந்தப் பிழையின் கொடுமை, விடை அழகாக இருப்பதுதான். பத்து மடங்கு பிழைத்திருந்தால் யாரும் கண்டுபிடிப்பார்கள்.

இன்னொரு பொறி கோல் சீக் என்ற கட்டளை. "நீர் 90 சென்ரிமீற்றருக்கு மேல் போகக்கூடாது, அதற்கு வான் எத்தனை மீற்றர் வேண்டும்?" என்று பின்னோக்கிக் கேட்க அது வசதி. ஆனால் அது தரும் விடை உயிருள்ள சூத்திரம் அல்ல, கலத்தில் அறைந்துவிட்ட ஓர் எண். நாளைக்கு நீங்கள் வெள்ளத்தின் அளவை மாற்றினால் மற்றக் கலங்கள் எல்லாம் அசையும், அந்த எண் மட்டும் நேற்றைய விடையோடு அப்படியே உட்கார்ந்திருக்கும். கட்டளையை மறுபடி ஓட்ட மறந்தால் வரைபடத்துக்குப் போவது பழைய நீளம். கன்ட்ரோல் விசையோடு, விசைப்பலகையில் 1க்கு இடப்பக்கம் இருக்கும் விசையை அழுத்தினால் தாள் முழுவதும் விடைகளுக்குப் பதிலாகச் சூத்திரங்கள் தெரியும். சூத்திரங்களுக்கு நடுவே வெறும் எண் ஒன்று நின்றால் பசுக்கூட்டத்துக்குள் எருமைபோலப் பளிச்சென்று தெரியும். என்னிடம் வரும் எந்தக் கோப்பையும் நான் முதலில் அப்படித்தான் பார்ப்பது.

வானைத் தாண்டிய நீரும் சும்மா போகாது. முன்னே பார்த்த 30 மீற்றர் நீளமான வளைந்த முகட்டைத் தாண்டி 87 கனமீற்றர் நான்கு மீற்றர் கீழே விழுகிறது என்றால், அடியில் அது செக்கனுக்கு ஏறக்குறைய 9 மீற்றர் வேகத்தில், 33 சென்ரிமீற்றர் தடிப்பில் ஓடும். அந்த வேகத்தோடு மண்ணைத் தொட விட்டால் குழிபறிக்கும். எனவே அங்கே ஒரு கொங்கிறீற்றுத் தொட்டி கட்டி, நீரைத் துள்ள வைத்து, 2.1 மீற்றர் ஆழமாக எழும்பச் செய்து, வேகத்தைக் கொல்கிறார்கள். விரிதாளில் இது நான்கு கலங்கள். கணக்கு எளிதென்பதால் தொட்டியும் எளிதென்று எண்ண வேண்டாம். 2017 பெப்ரவரியில் கலிபோர்னியாவின் ஓரோவில் அணையில் வான்வாய்க்காலின் கொங்கிறீற்றுத் தளம் பெயர்ந்து பள்ளம் விழுந்தது. அதைத் தொடர்ந்த நெருக்கடியில் கீழேயிருந்த ஏறக்குறைய 1,88,000 பேரை வெளியேற்ற வேண்டி வந்தது. வாய்க்கால் எவ்வளவு நீரைக் கொள்ளும் என்ற கணக்கில் அங்கே குறையில்லை. தளத்தின் மூட்டுகளுக்குள் நீர் புகுந்து அடியிலிருந்து தூக்குவதற்கு அந்தக் கணக்கில் நிரல் இல்லை, அவ்வளவுதான்.

யாழ்ப்பாணத்தில் உட்கார்ந்து இதை எழுதும்போது இங்குள்ள தலைகீழ் நிலையைச் சொல்லாமல் விட முடியவில்லை. நமக்கு அணை இல்லை, தடுப்பணைகள் இருக்கின்றன. தொண்டைமானாற்றிலும் அரியாலையிலும் அராலியிலும் உள்ளவை நீரைத் தேக்குவதைக் காட்டிலும், உவரைப் புறத்தே நிறுத்தி, மாரி நீரைக் கடலேரிக்குள் தங்க வைத்து, கிணறுகளை இனிக்க வைக்கும் நோக்கத்தோடு எழுந்தவை. குளத்தின் வானில் நீர் உயரத்திலிருந்து தடையில்லாமல் விழுகிறது. இங்கே அப்படி விழ உயரம் எங்கே? நமது கரையில் கடல்மட்டத்தின் ஏற்ற இறக்க வித்தியாசம் ஒரு மீற்றருக்கும் குறைவு. நிலமும் அதற்கேற்பத் தட்டை. வடகீழ்ப் பருவக்காற்று கடலேரி நீரைக் கரைப்பக்கம் தள்ளும் நாளில் தாழமுக்கமும் வந்தால், தடுப்பின் இரண்டு பக்கமும் நீர்மட்டம் கிட்டத்தட்ட ஒன்றாகிவிடும்.

அப்போது மேலே சொன்ன சூத்திரம் பொய் சொல்லும். வில்மொண்ட் என்பவர் 1947இல் மெல்லிய தகட்டுத் தடுப்புகளுக்கு ஒரு திருத்தத்தைத் தந்தார். கீழ்ப்பக்க நீர் முகட்டுக்கு மேல், மேற்பக்க நீரின் பாதி உயரத்துக்கு நின்றால் வெளியேற்றம் 85 சதவீதமாகக் குறைகிறது. 90 சதவீத உயரத்துக்கு நின்றால் பாதிகூட வராது, 48 சதவீதம். அகல முகட்டில் இந்தப் பாதிப்பு இன்னும் பிந்தித் தொடங்கும், ஆனால் முடிவில் அதே கதைதான். வெளிநாட்டுப் பாடநூல்களிலிருந்து இறக்கிய ஆயத்த விரிதாள்கள் பெரும்பாலும் மலைநாட்டு அணைகளை மனதில் வைத்துச் செய்தவை. கீழ்ப்பக்க நீர்மட்டத்துக்கு அவற்றில் கலமே இருக்காது. அப்படியொன்றை எடுத்து இங்கேயுள்ள ஒரு தடுப்புக்கு ஓட்டினால், வெள்ளம் வடிய இத்தனை கதவு போதும் என்று அது தாராளமாகச் சொல்லும். 2008 நவம்பரில் நிஷா புயல் வந்தபோது யாழ்ப்பாணத்தில் ஒரே நாளில் முந்நூறு மில்லிமீற்றருக்கு மேல் கொட்டியது. அன்றைக்குப் பல ஊர்களில் கேள்வி நீர் எப்படி வந்தது என்பதல்ல, ஏன் போகவில்லை என்பதுதான்.

இதுவரை சொன்ன பிழைகள் எல்லாம் விரிதாளுக்குள் இருப்பவை, பொறுமையிருந்தால் பிடித்துவிடலாம். தாளுக்கு வெளியேயிருந்து வந்து முதற்கலத்தில் உட்காரும் எண்தான் எனக்குப் பயம்: எவ்வளவு வெள்ளத்துக்கு வானைக் கட்டுவது? குஜராத்தில் மச்சு ஆற்றின் இரண்டாம் அணை 1979 ஓகஸ்ட் 11இல் தலைக்கு மேல் நீர் ஓடி உடைந்து மோர்பி நகரத்தை அழித்தது. அதன் வானுக்கு எடுத்த வெள்ளத்தைக் காட்டிலும் ஏறக்குறைய மூன்று மடங்கு அன்று வந்தது. சூத்திரம் சரி, பெருக்கல் சரி. முதல் எண்தான் சிறியது. அப்போது விரிதாள் இல்லை. இருந்திருந்தாலும் அதே விடையை விரைவாகத் தந்திருக்கும்.

நூறாண்டு வெள்ளம் என்ற சொல்லே நம்மை ஏமாற்றுகிறது. நூறு ஆண்டுக்கு ஒரு தடவைதானே, நமக்கு முன்னால் வந்துவிட்டதே, இனிப் பேரன் காலத்தில் பார்க்கலாம் என்று நினைக்கிறோம். அதன் பொருள், எந்த ஓர் ஆண்டிலும் அந்த அளவு அல்லது அதற்கு மேல் வர நூற்றில் ஒரு வாய்ப்பு என்பதே. 50 ஆண்டுக்கு நிற்கும் ஒரு குளத்துக்கு, அந்த ஐம்பதுக்குள் ஒரு தடவையாவது வருவதற்கான வாய்ப்பு 39.5 சதவீதம். 0.99ஐ ஐம்பது தடவை பெருக்கி ஒன்றிலிருந்து கழித்துப் பாருங்கள். ஆயிரமாண்டு வெள்ளத்துக்குக் கட்டினாலும் ஐந்து சதவீதத்துக்குச் சற்றுக் குறைவாக மிச்சமிருக்கும். எதை ஏற்றுக்கொள்வது என்பது கட்டின் கீழே எத்தனை வீடு இருக்கிறது என்பதைப் பொறுத்தது. அது பொறியியலாளர் தனியாக எடுக்கக்கூடிய முடிவுகூட அல்ல. ஆனால் கோப்பைத் திறந்தால் அது "100" என்று ஒரு கலத்துக்குள் சின்னதாக இருக்கும், பக்கத்தில் ஒரு குறிப்புக்கூட இல்லாமல்.

தொடக்க நீர்மட்டமும் அப்படிப்பட்ட கலம்தான். கதவில்லாத வானுக்கு அதை முகட்டின் மட்டத்தில் வைத்துவிடலாம். கதவுள்ள வானுக்கு அது மனிதர்களைப் பொறுத்தது. சிறுபோகத்துக்கு ஒவ்வோர் அங்குலமும் நெல் என்று விவசாயி கணக்குப் போடுவார். குளம் நிறைந்து நிற்பதையே விரும்புவார். அதில் பிழையில்லை. தாழமுக்கம் வருகிறது, இரண்டு அடி இறக்கி வையுங்கள் என்று மற்றவர் சொல்வார். மழை ஏமாற்றினால் அந்த இரண்டு அடிக்கு யார் பொறுப்பு? 2018 டிசம்பரில் கிளிநொச்சியும் முல்லைத்தீவும் வெள்ளத்தில் மூழ்கியபோது இரணைமடுவின் கதவுகள் திறந்த நேரத்தைப் பற்றி எழுந்த வாதம் நீண்ட நாள் ஓயவில்லை. அதன் நியாய அநியாயத்துக்குள் நான் போகவில்லை. விரிதாளில் ஒரு கதவு மூன்றாவது மணியில் திறக்கிறது என்று எழுதினால் மூன்றாவது மணியில் அது திறந்துவிடும். கட்டில் அப்படியல்ல. மின்சாரம் போயிருக்கும், வீதி நீருக்குள் இருக்கும், உத்தரவு யார் தருவது என்று தொலைபேசி சுற்றிக்கொண்டிருக்கும். என்னைக் கேட்டால் கதவு வைத்த எந்த வானின் கணக்கிலும் "ஒரு கதவு திறக்கவில்லை" என்ற ஒரு தாளும், "இரண்டு மணி நேரம் பிந்தித் திறந்தது" என்ற ஒரு தாளும் கட்டாயம் இருக்க வேண்டும். கோப்பைப் பிரதியெடுத்து ஒரு கலத்தை மாற்ற ஐந்து நிமிடம் போதும்.

நான் வழக்கமாகச் செய்யும் ஒரு சோதனையைச் சொல்கிறேன். வெள்ள அட்டவணையின் அடியில் ஒரு நிரை. உள்ளே வந்த நீரைக் கூட்டு, வெளியே போன நீரைக் கழி, குளத்தில் கூடி நிற்கும் நீரையும் கழி. மிச்சம் சுழியம் வர வேண்டும். நீர் எங்கும் மறைந்துவிடாது. ஒரு தடவை இளம் பொறியியலாளர் ஒருவர் அனுப்பிய கோப்பில், தாள் அழகு, நிறம் தீட்டிய கலங்கள், தலைப்பில் எழுத்துகூடப் பிசகில்லை. கோப்பின் பெயர் "இறுதி". நான் அந்த நிரையைச் சேர்த்தேன். வந்த நீரின் பெரும்பகுதியைக் காணவில்லை. தேடிப் போனால், நீர்மட்டத்துக்கு எவ்வளவு கொள்ளளவு என்ற அட்டவணையைப் பழைய வரைபடத்திலிருந்து ஏக்கர் அடியில் எடுத்திருந்தார். வரத்தும் வெளியேற்றமும் கனமீற்றரில். ஓர் ஏக்கர் அடி 1,233 கனமீற்றருக்குச் சற்று மேல். பெருக்குவதற்கென்று ஒரு கலத்தில் 1,233 இருந்தது. சூத்திரத்தில் அந்தக் கலத்தின் முகவரியை டொலர் குறியால் பூட்டாமல் கீழே இழுத்ததால், முதல் வரி மட்டும் அதனால் பெருக்க, அடுத்த வரிகள் அதற்குக் கீழேயிருந்த வேறு எண்களால் பெருக்கிக்கொண்டே போயிருந்தன.

"அண்ணா, மூன்று பேர் பார்த்த கோப்பு அது," என்றார் தொலைபேசியில். மூன்று பேரும் விடையைத்தான் பார்த்திருப்பார்கள். அன்றிரவே திருத்தி அனுப்பினார். வான் நான்கு மீற்றர் நீண்டிருந்தது, மிச்சம் சுழியம். கோப்பின் பெயர் "இறுதி 2".